பரிசுக் கதைக்குத் தாம்பரத்தில் ஒரு ஹால்

மதுரையிலிருந்து வந்த ரயில் எங்களைத் தாம்பரத்தில் இறக்கிவிட்டுப் போகிறது. என் எட்டு மாத மகள் தோளில் தூங்குகிறாள். ஈரானில் அரசு உதவி இல்லாமல் எழுத்தாளர்களே நடத்தும் ஒரு பரிசைப் பெற்ற பாரசீகச் சிறுகதையை, ஆங்கிலம் வழியாக நான் தமிழாக்கியிருக்கிறேன். அதைப் பற்றிப் பேசத்தான் இந்தப் பயணம். குழந்தையைக் கூட்டி வந்தது சரியா என்று விழுப்புரத்திலிருந்தே யோசித்துக்கொண்டிருக்கிறேன்.

இந்த ஊர் வாசகர் வட்டத்தின் செயலாளர் என் பையை வாங்கிக்கொண்டு படியேறுகிறார்.

“அங்க எழுத்தாளன் வாயைத் தொறக்க முடியாது மேடம். நம்ம ஊர்ல அந்தப் பேஜாரே இல்ல” என்கிறவர், நடைமேம்பாலத்தில் நின்று குரலைத் தாழ்த்துகிறார். “கதையில அந்தப் பொண்ணு புருஷனை விட்டுட்டுப் போறா பாருங்க, அத மட்டும் சொல்லாதீங்க. ஹால் கவுன்சிலரோடது. ஃபேமிலியோட வர்றார்.”

“அத விட்டா கதையில என்ன சார் இருக்கு?”

“அதுக்கு முன்னாடி டீ போடறாளே, அருமையான இடம்!”

தலையாட்டப் போகிறேன். பழக்கம் அப்படி. ஆனால் வாயில் வேறொன்று வருகிறது. “ஈரான்ல ஹால் தராதப்ப ஒரு நடுவர் வீட்லயே பரிசு குடுத்தாங்க சார். உங்க வீடு எங்க?”

“அஸ்தினாபுரம். வாடகை வீடு மேடம், ஓனர் கீழயே இருக்கார்.” பையை மறு கைக்கு மாற்றிக்கொள்கிறார்.

“அப்ப ஹாலுக்கே போலாம். நான் முழுக் கதையும் சொல்வேன்.”

சொல்லிவிட்டேன். குழந்தையின் நெற்றியைத் தொட்டுப் பார்க்கிறேன், காய்ச்சல் இல்லை. பிறகு என் நெற்றியையும் ஒருமுறை தொட்டுப் பார்த்துக்கொள்கிறேன்.