ஏழு பதிவிலும் இல்லாத பேர்

போன ஞாயிறு ராயபுரத்தில் ஒரு ரிசப்ஷன். டிஜே அந்தப் பாட்டைப் போட்டதும் நாற்காலியைத் தள்ளிவிட்டு எழுந்துவிட்டேன். ஐம்பத்தாறு வயசு, முட்டி வலி... இருந்தாலும் ஆடினேன்.

'போட்டெல்லாம் கரைக்கு வந்துடுச்சு, நீ எங்கே நிக்கிறே' — அதற்கப்புறம் ஒரு பேர் வரும். அன்றைக்கு மாப்பிள்ளை பேர். மண்டபமே கூடச் சேர்ந்து பாடியது.

இந்தப் பாட்டைப் பற்றி இந்த பிளாகில் ரெண்டு தடவை பீற்றிக்கொண்டிருக்கிறேன், ஞாபகமிருக்கும். சாவு வீட்டுக் கானா. என்னிடம் ஏழு ஒலிப்பதிவு இருக்கிறது. டோலக்கும் இருமலுமாக ஒரு பழைய கேசட், பேண்டு செட் வாசித்தது, யூடியூப் பசங்க பாடியது, கடைசியாக இந்த ரீமிக்ஸ். சாவு வீட்டில் செத்தவர் பேர், கல்யாணத்தில் லேட்டாக வரும் மாப்பிள்ளை பேர்... மாற்றிக்கொண்டே போவார்கள். அதுதான் இதன் அழகு என்றுகூட எழுதினேன்.

மூச்சு வாங்க வந்து உட்கார்ந்தால், பக்கத்து நாற்காலி அம்மா பையை எடுத்துக்கொண்டு கிளம்புகிறார். மாப்பிள்ளைக்கு அத்தை முறை, திருவொற்றியூர் குப்பம். இன்னும் சாப்பிடக்கூட இல்லை. நான் சும்மா இருப்பேனா? வாசல்வரை பின்னாலேயே போய், "பாட்டு பிடிக்கலையாம்மா? இதோட ஹிஸ்டரி தெரியுமா?" என்று ஆரம்பித்துவிட்டேன். ஏழு பதிவையும் சொன்னேன்.

பொறுமையாகக் கேட்டார்.

"அதுல சேகருன்னு பேரு வர்றது எதுனா கீதா நைனா?"

போனில் தேடினேன். குமார் இருந்தது, தாஸ் இருந்தது. சேகர் இல்லை.

"எம்புள்ள. கடலுக்குப் போனவன் வரல. உடம்பும் கெடைக்கல. அவன் தோஸ்துதான் எங்க வூட்டு வாசல்ல குந்திகினு இந்தப் பாட்டக் கட்டுனான். அப்போ ரெக்கார்டு பண்ண யாராண்ட போனு இருந்துச்சு?"

"அப்புறம் அவரே பேரை மாத்திட்டாரா?"

"அவன் இன்னா பண்ணுவான்? எந்த வூட்ல சாவோ அந்தப் பேரத்தானே பாடணும். நானே நாலு வூட்ல கேட்டுகீறேன். ஆனா... எல்லாரு பேரும் கீது, அவன் பேரு மட்டும் இல்ல."

கோபமாகச் சொல்லவில்லை. ரெண்டு திட்டு திட்டியிருந்தாலாவது தேவலை. "நீ போய் ஆடு நைனா, கல்யாண வூடு" என்று சொல்லிவிட்டு ஆட்டோ ஏறிவிட்டார்.

எத்தனை வருஷமாகச் சேர்க்கிறேன்! கேசட்டில் இருமியது யார் என்பதுவரை ஆராய்ச்சி. முதலில் யார் பேர் இருந்தது என்று ஒரு நாளாவது கேட்டேனா? வெட்கமாக இருக்கிறது.

வீட்டுக்கு வந்து பட்டியலைத் திருத்தினேன். பழைய கேசட் இனிமேல் இரண்டாம் நம்பர். ஒன்றாம் நம்பரில் கேட்க ஒன்றுமில்லை, பேர் மட்டும் போட்டிருக்கிறேன்.

நீங்கள் இந்தப் பாட்டுக்குத் தாராளமாக ஆடுங்கள். அந்தப் பேர் வருகிற இடத்தில் மட்டும், ஒரே ஒரு தடவை, மனசுக்குள்... சேகர்.