பெருமாளுக்கு வந்த நூடுல்ஸ்

எனக்கு விஷக்காய்ச்சல் கண்டு, பிழைப்பேனோ மாட்டேனோ என்று கிடந்தபோது, பையன் எழுந்து நடந்தால் புரட்டாசிச் சனிக்கிழமை பிச்சையெடுத்துத் தளிகை போடுவதாக அம்மா பெருமாளிடம் வேண்டிக்கொண்டாள். நடந்துவிட்டேன். ஆகவே நாமமும் மஞ்சள் வேட்டியுமாக, சொம்பை ஏந்தி, உத்திரமேரூர்த் தெருக்களில் 'கோவிந்தா' என்று கூவிக்கொண்டு போனேன். தெருப் பையன்கள் சிலரும் கூடவே கூவிக்கொண்டு வந்தார்கள். வீட்டுக்கு ஒரு பிடி அரிசி விழும். அதைத்தான் பொங்கிப் படைக்க வேண்டும். பிச்சையில் வந்தது எதுவானாலும் பெருமாளுடையது. படைக்கும்வரை யாரும் அதை வாயில் வைக்க மாட்டார்கள்.

மெட்ராஸிலிருந்து மாற்றலாகி வந்திருந்த பேங்க் மேனேஜர் வீட்டில் அன்று அரிசி தீர்ந்திருந்தது. வெறுங்கையோடு அனுப்ப மனமில்லாத அவர் மனைவி, உள்ளே போய் ஒரு நூடுல்ஸ் பொட்டலத்தைக் கொண்டுவந்து கொடுத்தார். பையன்கள் அடுத்த வீட்டுக்கு ஓடியிருந்தார்கள்; துணைக்கு வந்த அம்மா தெருக்குழாயடியில் யாருடனோ பேசிக்கொண்டிருந்தாள். பள்ளிக்கூடத்தில் கேள்விப்பட்டிருந்த பண்டம். கஞ்சியைத் தவிர வேறெதையும் பல நாளாகக் காணாத நாக்கு. பொட்டலத்தை வேட்டிக்குள் செருகிக்கொண்டேன். திருடினேன் என்று எழுதுவதே சரி.

வீட்டுக்கு வந்ததும் விறகுக் கட்டுக்கு அடியில் ஒளித்தேன். தளிகைக்கு ஒத்தாசையாக வந்திருந்த அத்தை விறகு எடுக்கப் போக, அவள் கையில்தான் அது சிக்கியது. அத்தை அப்பாவின் அக்கா. பூஜை விஷயத்தில் அப்பாவே அவளுக்கு அடக்கம். எங்கள் வீட்டில் வாங்கியே இராத பண்டம், பிச்சையில்தான் வந்திருக்கும் என்று அவளுக்குப் பார்த்ததுமே தெரிந்துவிட்டது.

"இன்னா இது? பெருமாளுக்கு வந்தத்த எவ ஒளிச்சு வெச்சது?"

அம்மா என் முகத்தை ஒருமுறை பார்த்தாள்.

"நாந்தான் அண்ணி எடுத்து வெச்சேன்."

"நீயா? புள்ள பொழைச்சதுக்கு வேண்டிக்கினு, நீயே திருடுவியா? உனக்கே அடுக்குமா?"

அம்மா பொட்டலத்தை வாங்கிப் பிரித்தாள். உள்ளேயிருந்த மசாலாவை அத்தை முகர்ந்து பார்த்து, பூண்டு என்று வாசலில் வீசினாள்.

"புழுவாட்டம் கீது. இத்தப் போயி பெருமாளுக்கு வெக்கறதா?"

"அவருக்குன்னு வந்துடுச்சே அண்ணி. நாம தள்ளலாமா?"

அதன்பின் அம்மா செய்ததைப் பார்த்துக்கொண்டே நின்றேன். நூடுல்ஸைக் கையால் நொறுக்கி, நெய்யில் சிவக்க வறுத்தாள். பயத்தம்பருப்பை மலர வேகவைத்து, பரங்கித் துண்டுகளையும் ஊறிய காராமணியையும் அதில் போட்டாள். எல்லாம் வெந்ததும் வறுத்ததைக் கொட்டி, மிளகும் சீரகமும் பொடித்துத் தூவி, தேங்காயைத் தாராளமாகத் துருவிப் போட்டாள். கையகலப் பொட்டலம் ஒரு குண்டான் நிறையப் பொங்கி நின்றது. பிச்சையரிசிப் பொங்கலுக்குப் பக்கத்தில் அதுவும் இலையில் ஏறியது.

என்னோடு கோவிந்தா போட்ட பையன்களெல்லாம் பந்தியில் உட்கார்ந்தார்கள்.

"டேய், எனக்கு நீட்டா ஒண்ணு வந்துகீதுடா!"

"கத்தாத துன்னுடா. பெருமாளு கேட்டுக்குவாரு."

அத்தைகூட இரண்டாம் முறை வாங்கிக்கொண்டாள். "நல்லாத்தான் பண்ணிக்கீற," என்றாள், அம்மாவின் முகத்தைப் பாராமல்.

காய்ச்சலுக்குப் பிறகு வயிறு நிறைய நான் உண்டது அன்றுதான். பிற்காலத்தில் எத்தனையோ ஊர்களில் சாப்பிட்டிருக்கிறேன். நன்றியோடு நினைத்துக்கொள்வது அந்த இலையை மட்டும்தான். திருடியது நான் என்று கடைசிவரை அம்மாவிடம் வாய்விட்டுச் சொன்னதில்லை. அவளும் கேட்டதில்லை. அத்தையின் அடியிலிருந்து தப்பவைத்தாள் என்ற மட்டில்தான் அப்போது சந்தோஷப்பட்டேன்.

பந்தி முடிந்து, அத்தை தன் வீட்டுக்குப் போய்விட்டாள். அம்மா இன்னும் சாப்பிட்டிருக்கவில்லை. பெருமாள் படத்தின் முன் விளக்கருகே உட்கார்ந்து, கன்னத்தில் போட்டுக்கொண்டு, மெல்லிய குரலில் சொல்லிக்கொண்டிருந்தாள்: "நாந்தான் எடுத்தேன். அவன் இல்ல. நாந்தான்."

அத்தைதான் போய்விட்டாளே, இன்னும் யாரிடம் இந்தப் பொய்யைச் சொல்கிறாள் என்று எனக்கு ஆச்சரியமாக இருந்தது.