ஒரே காரில் ஏறக்கூடாதவர்கள்

என் மனைவி டெலோராவும் ஆர்வில் ஸ்டானெக்கும் ஒரே காரில் ஏறக்கூடாது. என் பொறாமையால் வந்த சட்டம் இல்லை, அவர்கள் வேலை பார்க்கும் கம்பெனி போட்டது. நிலவிலிருந்து திரும்பும் கலத்தைக் கடலில் மெதுவாக இறக்க மூன்று பாராசூட்டுகள் வேண்டும். அவற்றைக் கையால் மடித்து அடைக்க அனுமதி பெற்றவர்கள் கம்பெனியின் கலிஃபோர்னியா ஆலையில் இந்த இரண்டு பேர்தான். ஒரே விபத்தில் இருவரும் போய்விட்டால் நிலவுப் பயணமே நின்றுவிடுமாம்.

டெலோராவுக்குப் பயம் கூடப்பிறந்தது. போர்வையை மடித்து வைத்துவிட்டுத் திரும்பப் பிரித்துப் பார்ப்பாள். "கதவைப் பூட்டினியா?" என்று படுக்கப் போகும்வரை கேட்டுக்கொண்டே இருப்பாள். நான் எரிந்து விழுவேன். அந்தப் பயத்தை நம்பித்தான் அவளுக்கு அந்த வேலையைக் கொடுத்தார்கள் என்பது என் எண்ணம். கலம் திரும்பும் நாட்களில் நான் எலுமிச்சைத் தோட்டத்து வேலையை விட்டுவிட்டு அவள் பக்கத்தில் உட்கார வேண்டும். மூன்றும் விரிந்த பிறகுதான் அவளுக்குச் சோறு தண்ணீர் இறங்கும்.

1971 ஆகஸ்டில் ஒரு சனிக்கிழமை மதியம். டிவியில் மூன்று பாராசூட்டுகளும் விரிந்தன. அப்பாடா என்று நான் எழுந்தேன்.

"லீலண்ட்... அங்க பாரு."

ஒன்று சுருங்கி, ஈரத்துணி மாதிரித் தொங்கியது.

"அது என்னுதா, ஆர்விலோடதா?"

"யாருதா இருந்தா என்ன? இன்னும் ரெண்டு இருக்குல்ல?"

"உள்ள மூணு உசுரு இருக்கு!"

கலம் தண்ணீரில் பலமாக மோதியது. வீரர்கள் மூவரும் உயிரோடு வெளியே வந்தார்கள். நான் கைதட்டினேன். அவள் குளியலறையில் வாந்தி எடுத்துக்கொண்டிருந்தாள்.

சுருங்கிய பாராசூட் கடலில் மூழ்கிவிட்டது. அது கிடைத்திருந்தால் அதை யார் மடித்தது, எங்கே கோளாறு என்று பார்த்திருக்கலாம்.

திங்கட்கிழமை இருவரையும் விசாரணைக்குக் கூப்பிட்டார்கள். எங்கள் வாசலில் கம்பெனி கார் வந்து நின்றது. பின் சீட்டில் ஆர்வில் ஏற்கெனவே உட்கார்ந்திருந்தார். டெலோரா வாசற்படியை விட்டு இறங்கவில்லை.

"ஏறு தாயே, கடிச்சிட மாட்டேன்" என்றார் ஆர்வில். முகம் வெளுத்துப் போயிருந்தது.

"ஒரே கார் அனுப்பியிருக்காங்க ஆர்வில். புரியலையா? இனிமே நாம ரெண்டு பேரும் சேர்ந்து செத்தாலும் அவங்களுக்கு ஒண்ணும் இல்ல."

டிரைவர், "எனக்கு ஒண்ணும் தெரியாதும்மா, ரெண்டு பேரையும் கூட்டிட்டு வரச் சொன்னாங்க" என்றான். அவள் ஏறிக்கொண்டாள்.

அதன்பிறகு இருவரையும் மடிப்பு மேசைப் பக்கமே விடவில்லை. இரவில் டெலோராவின் விரல்கள் தூக்கத்திலும் போர்வையை மடித்துக்கொண்டிருக்கும். அதைப் பார்த்தபடி படுத்திருக்க எனக்கே பயமாக இருந்தது. நானும் எழுந்து போய்க் கதவைச் சரிபார்க்க ஆரம்பித்தேன்.

கடைசியில் முடிவு வந்தது. இறங்கும்போது வெளியே கொட்டிய எரிபொருள் பாராசூட் கயிறுகளைக் கருக்கியிருக்கலாம் என்றார்கள். செய்தியைப் படித்துவிட்டு நான் துள்ளிக் குதித்தேன்.

"இருக்கலாம்னுதானே சொல்றாங்க" என்றாள் டெலோரா. "அது கடலுக்கடியில கிடக்கு லீலண்ட். நிச்சயமா யாருக்குத் தெரியும்?"

மறுநாள் காலை வெளியே ஹாரன் சத்தம். ஜன்னல் திரையை விலக்கினேன். கம்பெனி கார் நின்றது, பின் சீட் காலி. அதற்குப் பின்னால் தெருமுனையில் இன்னொரு கார். அதிலிருந்து ஆர்வில் தொப்பியை ஆட்டினார். அடுத்த பயணத்துக்கான பாராசூட்டுகள் காத்திருந்தன.

"டெலோரா, ரெண்டு கார் வந்திருக்கு!" என்று கத்தினேன்.

அவள் வந்து பார்த்தாள். ஆனந்தத்தில் அழப்போகிறாள் என்று நினைத்தேன். அவள் மாடிப்படியில் அப்படியே உட்கார்ந்துவிட்டாள்.

"திரும்பவும் என்கிட்டயே குடுக்கறாங்களே" என்றாள்.

அவள் கைகளைப் பிடித்துக் கூட்டிப்போய், முதல் காரில் ஏற்றிவிட்டேன்.