மோகனா அக்காவின் கேடயங்கள்

எங்கள் ஆன்லைன் விளையாட்டுக் கூட்டத்தில் முப்பது பேர். மதிப்பெண் பலகையில் எப்போதும் கடைசியில் நின்றவர் 'அப்பம் பாலிக்'. கெடா பக்கம் எங்கேயோ இருக்கும் நடுவயது மலாய்க்காரர் என்றுதான் எல்லாரும் அவரை நினைத்திருந்தார்கள். அது மோகனா அக்கா என்பது எனக்கு மட்டும் தெரியும். கூட்டத்தின் தலைவன் ஹரீஷ் அவர் பெற்ற மகன் என்பதும் எனக்கு மட்டும்தான் தெரியும்.

இதை யாரிடமாவது சொல்லிவிட வேண்டும் போலிருக்கிறது. அதனால் எழுதுகிறேன்.

மோகனா அக்காவுக்கு நாற்பத்தேழு வயது. கடலுக்கு அக்கரையில், பிறை என்ற ஊரில், ஓர் எலக்ட்ரானிக் தொழிற்சாலையில் இருபத்திரண்டு வருடமாக வேலை. மைக்ரோஸ்கோப்புக்குள் குனிந்து சிப்புகளில் கீறல் தேடும் வேலை அது. நானும் அதே வரிசையில்தான் உட்காருகிறேன். காலை ஏழிலிருந்து மாலை ஏழு வரை ஷிஃப்ட். நாங்கள் குடியிருக்கும் தீவிலிருந்து இருவரும் மோட்டார் சைக்கிளோடு ஃபெர்ரியில் ஏறி பட்டர்வொர்த்தில் இறங்குவோம். கணவர் சந்திரசேகரன் லாரி ஓட்டியவர். ஹரீஷுக்கு ஒன்பது வயதிருக்கும்போது இறந்துபோனார். அதன் பிறகு ஆயர் ஈத்தாம் ஃப்ளாட்டில் அம்மாவும் பிள்ளையும் மட்டும்.

ஹரீஷ் கெலுகோரில் யுனிவர்சிட்டி சேர்ந்தான். முதல் வருடமே நான்கு பாடத்தில் தோற்றான். இரவும் பகலும் கம்ப்யூட்டரில் இந்த விளையாட்டுதான். ஒருநாள் அவன் வெளியே போயிருந்தபோது அக்கா கம்ப்யூட்டரைத் தூக்கிக்கொண்டு போய் ஒரு பழைய சாமான் கடையில் விற்றுவிட்டார்.

"திங்காம தூங்காம அந்தப் பெட்டி முன்னாலயே கெடந்தான் காமினி. நான் வேற என்னதான் செய்யறது, சொல்லு?"

ஹரீஷ் வந்தான். காலியான மேசையைப் பார்த்தான். துணியை எடுத்துக்கொண்டு தலைநகர் கே.எல். போகும் பஸ் ஏறினான். அதோடு அம்மாவின் நம்பரையும் ப்ளாக் செய்துவிட்டான். இரண்டு வருடமாக அக்கா அனுப்பும் வாட்ஸ்ஆப் எல்லாம் ஒற்றை டிக்கோடு நிற்கின்றன. தீபாவளி வாழ்த்துக்கும் ஒற்றை டிக்தான்.

போன வருடம் ஒரு காலை, ஃபெர்ரியில் நான் விளையாடிக்கொண்டிருந்தேன். பக்கத்து மோட்டாரிலிருந்து அக்கா எட்டிப் பார்த்தார். என் திரையில் ஒரு பெயரை விரலால் தொட்டார்.

"இந்த 'ராஜாளி' யாரு?"

"எங்க லீடர்க்கா. பேரு ஹரீஷ். கே.எல்.ல வேல செய்யறான்."

அக்கா விரலை எடுக்காமலே சொன்னார்: "இதே பேருதான் அந்தக் கம்ப்யூட்டர்ல இருக்கும். என் மகன் அது." பிறகு கேட்டார்: "இதுக்குள்ள போறதுக்கு என்ன வேணும்?"

"ஒரு ஃபோன் போதும்க்கா."

நான்தான் அவருக்கு ஓர் ஆளை உருவாக்கிக் கொடுத்தேன். வெட்டுபவர் ஆகலாம், முன்னால் நின்று அடி தாங்குபவர் ஆகலாம், பின்னால் நின்று மற்றவரைக் காப்பவர் ஆகலாம் என்று விளக்கினேன். "அவன் என்ன?" என்று மட்டும் கேட்டார். முன்னால் நின்று அடி தாங்குபவன் என்றேன். அப்படியானால் தான் காப்பவர் என்றார். அடுத்து விளையாட்டு ஒரு பெயர் கேட்டது; கேன்டீனில் அன்று வாங்கியிருந்த பலகாரத்தின் பெயரையே வைத்தோம். சாப்பாட்டு நேரத்திலும் ஃபெர்ரியிலுமாக ஐந்து மாதம் விளையாடினார். கூட்டத்தில் சேரும் அளவுக்கு வளர்ந்ததும் மனு போட்டார். ஹரீஷே ஏற்றுக்கொண்டான்.

சண்டையின்போது எல்லாரும் பேசிக்கொண்டேதான் விளையாடுவோம். அப்பம் பாலிக்குக்கு மட்டும் மைக் கெட்டுப்போயிருந்தது. கடைசி வரை கெட்டேதான் இருந்தது. அக்கா இரண்டு காதிலும் இயர்ஃபோனை மாட்டிக்கொண்டு கண்ணை மூடுவார்.

"அப்பம் பாங், ரெடியா?" என்பான் ஹரீஷ், அண்ணனைக் கூப்பிடுவது போல, மலாயில்.

அக்கா 'ஓகே' என்று தட்டுவார். பெற்ற மகனோடு அவருக்கு இருந்த பேச்சு அவ்வளவுதான். அதற்காக ஓய்வு நாள்களில் எந்தக் கல்யாணத்துக்கும் போகமாட்டார்.

"சளி பிடிச்சிருக்கு போல இவனுக்கு," என்பார் சில நாள். "குரல் கட்டியிருக்கு, கேட்டியா?" நான் அதெல்லாம் கவனித்ததே இல்லை.

இப்போது மதிப்பெண் விஷயம். ஒவ்வொரு சண்டை முடிந்ததும் ஒரு பலகை வரும். நீ எவ்வளவு அடித்தாய், எவ்வளவு காயத்தை ஆற்றினாய் என்று இரண்டு எண். இரண்டையும் கூட்டினால் உன் மதிப்பெண். எல்லாருடைய மதிப்பெண்ணின் சராசரிதான் கூட்டத்தின் இடம். எங்களிடம் அக்மல் என்று இன்னொரு காப்பவன் இருந்தான், சுங்கை பட்டாணி ஊர்ப் பையன். அவன் கெட்டிக்காரன். எல்லாரும் நன்றாக அடிவாங்கட்டும் என்று காத்திருப்பான். உயிர் பாதியாகக் குறைந்ததும் ஒரே மந்திரத்தில் ஆற்றுவான். பலகையில் அவன் எண் தகதகவென்று ஏறும்.

அக்கா காயம் ஆற்றவே மாட்டார். அடி விழும் முன்பே கேடயம் போட்டுவிடுவார். கேடயத்தில் பட்டு நின்ற அடி பலகையில் யார் கணக்கிலும் வராது. காயமே இல்லை, ஆற்றவும் ஒன்றும் இல்லை. எதிரே நிற்கும் அரக்கனின் தோள் அசைந்தாலே அவர் விரல் அசையும். நாளாக ஆக இன்னும் வேகமானார், மதிப்பெண் இன்னும் குறைந்தது.

"அக்கா, கொஞ்சம் விட்டுப் புடிங்கக்கா," என்றேன். "ஒரு அடி விழட்டும். அப்பறம் ஆத்துங்க. பாய்ண்ட் சும்மா ஏறும்."

"அடி படட்டும்னு பாத்துக்கிட்டு நிக்கணுமா?"

"கேம்தானேக்கா!"

"தெரியுது லா கேம்னு."

சீசன் முடிய ஒரு மாதம் இருந்தது. முதல் பத்து இடத்தில் வரும் கூட்டங்கள் மேல் சர்வருக்குப் போகும். நாங்கள் பன்னிரண்டாவது. மேலே போக ஒரே வழி, போகும் கூட்டத்தில் ஆளாக இருப்பது. போனவர்களோடு கீழே இருப்பவர்கள் விளையாட முடியாது, செய்திகூட அனுப்ப முடியாது. கடைசியில் நிற்பவரைக் கழற்றிவிட்டால்தான் சராசரி ஏறும் என்று கூட்டத்தில் பேச்சு வந்துவிட்டது. எனக்குப் பயமாகிவிட்டது. ஒரு ஞாயிறு மதியம் அக்கா வீட்டுக்கே போய் சோஃபாவில் பக்கத்தில் உட்கார்ந்தேன்.

அரக்கன் சுத்தியலை ஓங்கினான். எதிரே ஹரீஷ்.

"போடாதீங்கக்கா. இருங்க. இருங்க..."

சுத்தியல் விழுந்தது. ஹரீஷின் உயிர்க்கோடு பச்சையிலிருந்து ஒரேயடியாகச் சிவப்புக்கு இறங்கியது. "அலாமாக்!" என்று எங்கள் காதில் கத்தினான். "அய்யோ, செத்தேன்டா!" சிரித்துக்கொண்டுதான் கத்தினான்; எல்லாரும் அப்படித்தான் கத்துவோம். ஆனால் அக்காவின் விரல் கேடயப் பொத்தானை நான்கு முறை, ஐந்து முறை குத்திக்கொண்டிருந்தது. ஆற்றும் மந்திரம் எங்கே இருக்கிறது என்பதே மறந்துவிட்டது. அக்மல்தான் ஆற்றினான். அந்த மதிப்பெண்ணும் அவனுக்குப் போனது.

அக்கா ஃபோனைக் கவிழ்த்து வைத்தார். "எனக்கு வராது, காமினி. விட்டுடு."

சீசனின் கடைசி வாரம், புதன்கிழமை. எங்கள் தொழிற்சாலையில் ஃபோனை உள்ளே கொண்டுபோக முடியாது. லாக்கரில் பூட்டிவிட வேண்டும். அன்று சாப்பாட்டு நேரத்திலும் மீட்டிங் போட்டுவிட்டார்கள். நாங்கள் கீறல் தேடிக்கொண்டிருந்தபோது கூட்டத்தில் ஓட்டெடுப்பு நடந்து முடிந்திருந்தது. ஏழு மணிக்கு லாக்கரைத் திறந்தோம். அக்காவின் திரையில் இரண்டே வரி. 'நீங்கள் கூட்டத்திலிருந்து நீக்கப்பட்டீர்கள். நீக்கியவர்: ராஜாளி.'

அக்கா அதைப் படித்தார். லாக்கர் கதவைச் சாத்தினார். திரும்பத் திறந்து, ஹெல்மெட்டை எடுத்தார்.

எனக்குக் கோபமும் அழுகையும் ஒன்றாக வந்தன. "நான் இப்பவே அவனுக்குப் போன் போடறேன். உங்கம்மாவத்தான்டா தூக்கிட்டன்னு சொல்லப்போறேன்."

அக்கா என் கையை இறுக்கிப் பிடித்தார். "சொன்னா அவன் கேமையும் விட்டுட்டுப் போயிருவான்டி. கம்ப்யூட்டர வித்தவ இங்கயும் வந்துட்டாளான்னு போயிருவான். அப்பறம் நான் அவன எங்க போய்த் தேடறது?"

"அப்ப என்னக்கா செய்யறது?"

"நீ மேல போறல்ல? அவன் பேசறான், நல்லா இருக்கான்னு எனக்குச் சொல்லு. போதும்."

அன்று இரவே ஹரீஷிடம் சண்டை போட்டேன், பெயரைச் சொல்லாமல். அப்பம் பாங்கைத் தூக்கியது தப்பு என்றேன்.

"போர்டுல சைபர் லா காமினி. நான் என்ன செய்ய? இருபத்தொன்பது பேரு ஒருத்தருக்காகக் கீழ கெடக்கணுமா?"

"உனக்கு யாரு கேடயம் போட்டான்னு ரெக்கார்டப் பாத்தியா?"

"அதெல்லாம் யாரு பாப்பா?"

வெள்ளிக்கிழமைச் சண்டையில் ஹரீஷ் ஆறு முறை செத்தான். அக்மலின் மதிப்பெண் வானத்துக்குப் போனது. கூட்டமும் ஒன்பதாம் இடத்துக்கு ஏறிவிட்டது. எல்லாரும் கத்திக் கொண்டாடினார்கள். ஹரீஷ் மட்டும், "ஏன்டா இவ்ளோ அடி வுழுது எனக்கு?" என்று கேட்டுக்கொண்டே இருந்தான்.

சனிக்கிழமை அவனே என்னைக் கூப்பிட்டான். பலகைக்குப் பின்னால் யாரும் திறக்காத நீளமான பதிவு ஒன்று உண்டு. ஒவ்வோர் அடியும் யார் மேல் விழுந்தது, எது தடுத்தது என்று அதில் இருக்கும். அதை முழுதும் படித்திருக்கிறான்.

"நூறு கேடயம் போட்டா தொண்ணூறு எனக்குத்தான் போட்டிருக்காரு காமினி, அப்பம் பாங். நீயெல்லாம் பக்கத்துல செத்துக் கெடந்திருக்க, உனக்கு ஒன்னுகூட இல்ல. டீம் ஆளு அப்படியா செய்வாங்க? தூக்குனது சரிதான்." பிறகு அவனே கேட்டான்: "ஆனா ஏன் எனக்கு மட்டும்?"

அவன் சொன்னது உண்மைதான். நான் எத்தனையோ முறை ஹரீஷுக்கு இரண்டடி தள்ளி செத்துக் கிடந்திருக்கிறேன். அக்காவின் கண்ணுக்கு நாங்கள் யாரும் தெரிந்ததே இல்லை.

மேல் சர்வர் ஞாயிற்றுக்கிழமை இரவு எட்டு மணிக்குத் திறக்கும். அன்றும் எங்களுக்கு ஷிஃப்ட். ஏழு மணிக்கு லாக்கரைத் திறந்தபோது அப்பம் பாலிக்குக்கு ஒரு செய்தி வந்திருந்தது. மலாயில் எழுதியிருந்தான். 'பாங், பழைய பதிவைப் பார்த்தேன். இத்தனை நாள் என்னைப் பார்த்துக்கொண்டதற்கு நன்றி. நீக்கியதற்கு மன்னித்துக்கொள்ளுங்கள். ஏன் எனக்கு மட்டும், பாங்?'

இரண்டு வருடத்தில் மகன் அம்மாவுக்கு எழுதிய முதல் கடிதம். அக்கா அதைப் படித்துக்கொண்டே மோட்டார் வரை நடந்தார். பட்டர்வொர்த்தில் ஃபெர்ரிக்கு வரிசையில் நின்றபோதும் படித்தார். ஏறியதும் ஃபோனை என் பக்கம் நீட்டினார். மணி ஏழே முக்கால்.

"என்னடி எழுதறது?"

"உண்மைய எழுதுங்கக்கா. இன்னிக்கு உட்டா இனிமே எப்ப?"

தமிழில் ஏதோ எழுதினார், அழித்தார். மறுபடி எழுதினார், அழித்தார். கண் நிறைந்து எழுத்து தெரியவில்லை போல, முந்தானை இல்லாத யூனிஃபார்ம் கையால் துடைத்துக்கொண்டார்.

"மலாய்க்காரவங்க மொதல்ல என்ன கேப்பாங்க? அவன் சந்தேகப்படாத மாதிரி?"

"இந்த ஊர்ல யாரா இருந்தாலும் 'தா மாக்கான்?'தான்க்கா. சாப்ட்டாச்சான்னு."

அக்கா என்னை நிமிர்ந்து பார்த்தார். "அது கேக்கலாமா நான்?"

"யாரு வேணா கேக்கலாம்க்கா."

அந்த இரண்டே வார்த்தையை அனுப்பினார். அரை நிமிடத்தில் பதில் வந்தது. 'பெலும், பாங்.' இன்னும் இல்லை.

"இன்னும் சாப்பிடலையாம்." அக்கா பதறிப்போய் எழுத்தெழுத்தாகத் தேடித் தட்டினார், முதலில் போய்ச் சாப்பிடு என்று மலாயில். எழுத்துப் பிழையாகிவிட்டது, திருத்தினார். நான் சரிபார்த்துக் கொடுத்தேன். அனுப்பியபோது மணி எட்டு. 'செய்தி போகவில்லை. இவர் மேல் சர்வருக்கு மாறிவிட்டார்.' மறுபடி அழுத்தினார். மறுபடியும்.

ஃபெர்ரி கரை தட்டியது. முன்னால் இருந்த மோட்டார்கள் ஒவ்வொன்றாகக் கிளம்பின. பின்னாலிருந்து ஒருவர், "கக்கா, ஜாலான் லா!" என்று, கிளம்பச் சொல்லி ஹார்ன் அடித்தார்.

"நீ சொல்லுடி," என்றார் அக்கா. "நீ மேலதானே இருக்க? போய்ச் சாப்பிடச் சொல்லு. நான் சொன்னேன்னு சொல்லாத."

நான் என் ஃபோனில் ஹரீஷுக்கு எழுதினேன்: 'மொதல்ல போய்ச் சாப்புடு.'

உடனே பதில் வந்தது. 'நீ என்ன எங்கம்மாவா?' பக்கத்தில் ஒரு சிரிக்கும் முகம்.

"என்ன சொன்னான்?"

நான் ஃபோனைப் பையில் போட்டுக்கொண்டேன். "சரின்னான்க்கா. சாப்பிடறேன்னான்."

அக்கா தலையாட்டினார். ஹெல்மெட்டை மாட்டி, மோட்டாரை முடுக்கினார்.