கைசர் வெட்டு

ஜெர்மனியின் கடைசிச் சக்கரவர்த்தியைப் பற்றிப் படித்தவர்கள் இன்னமும் சண்டை பிடிக்கிறார்கள். முதலாம் உலக யுத்தத்தை மூட்டிவிட்டவர் அவர்தான் என்பது ஒரு கட்சி. அவர் வெறும் வாய்ச்சவடால்காரர், மீசையை முறுக்கிக்கொண்டு நின்றார், மற்றதெல்லாம் தளபதிகளின் வேலை என்பது மறு கட்சி. சுவிற்சர்லாந்து வானொலியில் ஞாயிற்றுக்கிழமைகளில் இந்த வழக்கு அவ்வப்போது விசாரணைக்கு வரும். நடுவயதுப் பெண் ஒருத்தி வெங்காயம் வெட்டும் கத்தியோடு வானொலியைப் பார்த்துக் கத்துவது அழகில்லை என்று எனக்கும் தெரியும். கத்துவேன். அந்த யுத்தத்தில் செத்த கோடிக்கணக்கான சனங்களுக்காகக் கத்துகிறேன் என்று என் கணவர் விருந்தாளிகளிடம் சொல்லிவைத்திருக்கிறார். அவ்வளவு பெரிய மனசு எனக்கில்லை. எனக்கும் சக்கரவர்த்திக்கும் இருப்பது சொந்தப் பகை.

எனக்கு அப்போது பன்னிரண்டு வயது. யாழ்ப்பாணத்திலிருந்து வந்து, லாங்கன்தால் என்ற சுவிஸ் ஊரில் குடியிருந்தோம். அகதி விண்ணப்பத்துக்கு முடிவு வரவில்லை. அப்பா, அம்மா, அம்மாவின் தம்பியான மாமா, நான் ஆகிய நாலு பேருக்கும் சேர்த்து ஜெர்மன் கதைக்கும் வாய் ஒன்றுதான் இருந்தது. அது என்னுடையது. வீட்டுச் சொந்தக்காரரோ பல் டாக்குத்தரோ யார் வந்தாலும் என்னை முன்னால் தள்ளுவார்கள். அப்பாவின் கடைவாய்ப்பல்லைப் பிடுங்குவதா அடைப்பதா என்பதுகூட என் வாயால்தான் முடிவானது. இந்த வேலைக்கு இப்போது சம்பளம் கொடுத்து ஆட்களை வைத்திருக்கிறார்கள். எனக்குச் சொக்கலேட் தந்து கெட்டிக்காரி என்றார்கள். நானும் நம்பினேன்.

அந்த வருடம் வகுப்பில் ஒவ்வொருவரும் ஒரு தலைப்பில் பேசவேண்டும். பனிச்சரிவில் ஆட்களைத் தேடும் நாய், பாற்கட்டி, கைக்கடிகாரம் என்று நல்ல தலைப்புகளையெல்லாம் சுவிஸ் பிள்ளைகள் அள்ளிவிட்டார்கள். எனக்கு மிஞ்சியவர், யுத்தத்துக்குக் கொஞ்சம் முன்னர் சுவிஸ் படையின் பயிற்சியைப் பார்க்க வந்துபோன கைசர். சக்கரவர்த்தியை ஜெர்மனில் அப்படித்தான் சொல்வார்கள்.

ஆசிரியர் ஒரு கதை சொல்லித் தந்தார். உங்களைப்போல இரண்டு மடங்கு ஆட்களோடு நான் வந்தால் என்ன செய்வாய் என்று கைசர் ஒரு சுவிஸ் சிப்பாயைக் கேட்டாராம். ஆளுக்கு இரண்டு தரம் சுடுவோம் என்றானாம் அவன். இது நடந்ததோ இல்லையோ, வகுப்பு மேசையைத் தட்டிச் சிரித்தது. துப்பாக்கிச் சூடு விழுவது எப்படிக் கேட்கும் என்று அந்த வகுப்பில் தெரிந்தவள் நான் ஒருத்தி. நானும் சிரித்தேன்.

நூலகத்துப் புத்தகத்தில் வேறொரு கைசர் இருந்தார். தாயின் வயிற்றில் தலை மேலேயும் பிட்டம் கீழேயுமாகக் கிடந்த பிள்ளை. இழுத்தெடுத்ததில் இடது கை பழுதாகி, வளராமலே போய்விட்டது. அதைச் சரிப்படுத்துகிறோம் என்று, அப்போதுதான் கொன்ற முயலின் உடலுக்குள் அந்தக் கையை வைத்துக் கட்டினார்களாம். மின்சாரம் பாய்ச்சினார்களாம். குதிரையிலிருந்து விழ விழத் தூக்கி ஏற்றினார்களாம். பிற்காலப் படங்களில் அந்தக் கை வாளின் பிடியிலோ கையுறையின் மடிப்பிலோ ஒளிந்துகொண்டிருந்தது. அந்தப் பிள்ளைக்காக நான் அழுதேன். பிள்ளை வளர்ந்து பெரியவராகி ஊர் உலகத்துக்குச் செய்ததெல்லாம் அடுத்த அத்தியாயங்களில் இருந்தது. நான் அதுவரை போகவில்லை.

மாமாவுக்கோ கைசர் மாவீரர். யுத்தம் தொடங்கியபோது மதராஸ் துறைமுகத்தில் குண்டு போட்ட எம்டன் கப்பல் அவருடையது. அன்றிலிருந்து எங்கள் பக்கத்தில் பொல்லாத கெட்டிக்காரனை எம்டன் என்போம். கப்பலைக் கைசரே நேரில் ஓட்டிவந்தார் என்பது மாமாவின் வரலாறு.

"வெள்ளைக்காரனைக் கலங்கடிச்ச மனிசன், மருமகள். அதை வகுப்பிலை வடிவாச் சொல்லவேணும்."

"அவர் இங்கிலாந்து மகாராணியின்ரை பேரன், மாமா."

"ஆர் சொன்னது?"

"புத்தகத்திலை கிடக்கு."

"புத்தகம் எழுதினது ஆர்? வெள்ளைக்காரன். பிறகென்ன கதை?"

அப்பா சோற்றுக் கோப்பையிலிருந்து தலை நிமிராமல் கேட்டார். "ஒரு கை ஏலாத மனிசன் கப்பலை எப்பிடி மச்சான் ஓட்டினவர்?"

"ஒரு கையாலையே இவ்வளவெண்டால், ரெண்டும் சரியா இருந்திருந்தால்? யோசியுங்கோ அத்தான்!"

நான் தினமும் அவர்கள் முன்னால் நின்று பேசிப் பழகினேன். ஜெர்மன் விளங்காத சபையில் அந்தக் கையைத் தவிர வேறொன்றும் தங்கவில்லை.

அந்தக் கிழமையில்தான் நிறைமாதமாயிருந்த அம்மாவுக்கு வலி கண்டது. மாமா வேலைக்குப் போகாமல் எங்களோடு ஆஸ்பத்திரிக்கு வந்தார். அறைக்குள் அம்மா, நடைபாதையில் நாங்கள் மூன்று பேர். டாக்குத்தர் வெளியே வந்து அப்பாவைப் பார்க்காமல் என்னோடு கதைத்தார். பிள்ளை பிட்டம் கீழாகக் கிடக்கிறது என்பதற்கு அவர் சொன்ன சொல், கைசரின் பிறப்பைப் பற்றிப் புத்தகத்தில் இருந்த அதே சொல். எனக்குப் புல்லரித்தது. வகுப்பில் ஒருவருக்கும் தெரியாத சொல் அல்லவா! உடனே 'கைசர்ஷ்நிற்' செய்யவேண்டும், அப்பாவுக்குச் சம்மதமா, கேட்டுச் சொல் என்றார். ஷ்நிற் என்றால் வெட்டு. கைசர் யாரென்று என்னைவிட அறிந்தவர் அந்தக் கட்டடத்திலேயே இல்லை.

"பிள்ளை கைசர் மாதிரிக் கிடக்குதாம், அப்பா. கைசர் வெட்டு வெட்டவேணுமாம்."

"கைசர் மாதிரியோ?" மாமா குறுக்கே பாய்ந்தார். "அப்ப கை?"

"கை பழுதாப் போகும்," என்றேன், புத்தகத்தை நினைத்துக்கொண்டு.

"ஐயோ அத்தான்! பிள்ளையின்ரை கையை வெட்டப்போறாங்களாம்!"

"நைன்," என்றார் அப்பா. இல்லை, வேண்டாம் எல்லாவற்றுக்கும் ஜெர்மனில் அந்த ஒரு சொல். இந்த நாட்டுக்கு வந்த பிறகு அப்பா அதை ஒருவரிடமும் சொல்லிக் கேட்டதில்லை. "நைன், நைன்!"

டாக்குத்தர் அதையே மறுபடியும் உரத்துச் சொன்னார். சத்தத்தைக் கூட்டினால் ஜெர்மன் தமிழாகிவிடும் என்று நம்பும் சாதி. பிறகு தாதியிடம் திரும்பி, இவர்களுடைய சமயத்தில் இதற்கு இடமில்லைபோல என்றார். அதை மொழிபெயர்க்கும்படி என்னிடம் கேட்கவில்லை. மறுபடி என் பக்கம் குனிந்தார். செய்யாவிட்டால் பிள்ளை செத்துப்போகலாம், உன் அம்மாவும் போகலாம், அதை உன் அப்பாவிடம் சொல்.

அதில் கஷ்டமான சொல் ஒன்றுமே இல்லை. ஒரு பிழையும் விடாமல் சொன்னேன்.

அப்பா சுவரோடு சரிந்து குந்திவிட்டார். "கையில்லாமலெண்டாலும் பிள்ளை பிழைச்சால் போதுமல்லோ, மச்சான்?" என்று கேட்டார். எம்டனைக் கடல் முழுக்க ஓட்டிய மாமா தன்னுடைய இரண்டு கைகளையும் சட்டைப்பைக்குள் ஒளித்துக்கொண்டார்.

பாதி திறந்திருந்த கதவுக்குள்ளிருந்து அம்மாவின் குரல் வந்தது. "அங்கை என்ன கூட்டம் வைக்கிறியளோ? சிசேரியனைத்தான் கேக்கிறாங்களெண்டு படுத்துக்கிடக்கிற எனக்கு விளங்குது, நிண்டுகொண்டிருக்கிற உங்களுக்கு விளங்கேல்லையோ? ஓமெண்டு சொல்லித் துலையுங்கோ!"

"சிசேரியன்!" டாக்குத்தர் துள்ளினார். "யா, யா, சிசேரியன்!"

வெங்காயக் கத்தியோடு நான் கத்துவது இந்த இடத்துக்காகத்தான். அந்தச் சொல் முழு நேரமும் அவரிடம் இருந்திருக்கிறது. இங்கிலீஷில் இருபது சொல் தெரியாத அப்பாவுக்கும் அது தெரியும். யாழ்ப்பாணத்தில் அதை அறியாத வீடில்லை. படித்த மனிதர் அப்பாவின் முகத்தைப் பார்த்து ஒரு தரம், ஒரே ஒரு தரம், அதைச் சொல்லிப் பார்த்திருக்கலாம். எதற்கு? அதுதான் ஒரு சின்னப் பெட்டை நிற்கிறாளே. சிசேரியன், கைசர் இரண்டுக்கும் மூலம் ரோமாபுரிச் சீசர்தான் என்பதைப் பிற்பாடு வாசித்தேன். என்னுடைய ஜெர்மன் கைசருக்கும் அந்த வெட்டுக்கும் ஒரு சம்பந்தமும் கிடையாது. அவர் பிறந்த அன்று அவருடைய தாய்க்கு அதைச் செய்து பிழைக்கவைக்க வழியிருந்திருந்தால் கை தப்பியிருக்கும். உலகமும் தப்பியிருக்குமா என்று வானொலிக்காரர்கள் விவாதிக்கட்டும்.

தம்பி பிறந்தான். மாமா துணியை விலக்கி இரண்டு கைகளையும் தடவித் தடவிப் பார்த்தார். அப்பா டாக்குத்தரின் கையைப் பிடித்து நன்றி சொன்னார். தாதிக்குச் சொன்னார். தள்ளுவண்டியோடு அந்தப் பக்கம் போன யாருக்கோகூடக் குனிந்து சொன்னார். பிறகு திரும்பி வந்து எனக்குக் கன்னத்தில் ஓங்கி ஒரு அறை தந்தார்.

"பிள்ளையின்ரை கையை வெட்டப்போறாங்களெண்டு சொல்லுவியோடி?"

டாக்குத்தரும் தாதியும் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள். அப்பா என் தோளைப் பிடித்து அவர்கள் முன்னால் தள்ளினார். "வலு உபகாரம் எண்டு டாக்குத்தரிட்டைச் சொல்லு. வடிவாச் சொல்லு." சொன்னேன். வகுப்பில் படித்த மரியாதைச் சொற்கள் இரண்டைச் சொந்தமாகச் சேர்த்தும் சொன்னேன். கெட்டிக்காரப் பிள்ளை என்றார் டாக்குத்தர்.

பிழையாகச் சொன்னதற்குத்தான் அந்த அடி என்று நெடுநாள் நினைத்திருந்தேன். விடுமுறை முழுவதும் அகராதியை மனப்பாடம் செய்தேன். அந்த நடைபாதையில் நின்ற ஒவ்வொருவருக்கும் அப்பா நன்றி சொல்லியே ஆகவேண்டியிருந்தது, தான் கோபித்தாலும் தன்னை நாட்டைவிட்டு அனுப்பமாட்டாத ஆளென்று அங்கே அவருக்கு நான் ஒருத்திதான் இருந்தேன் என்பது எந்த அகராதியிலும் இல்லை.