வெளியில வச்ச செருப்பு

முதல்லயே ஒண்டு சொல்லிப்போடுறன், நான் பேய்க்கதை சொல்லுற ஆள் இல்லை. கந்தோரில சாப்பாட்டு நேரம் கூட வேலை செய்யிற பிள்ளையள் கூடியிருந்து அந்த வீட்டில வெள்ளைச் சீலை தெரிஞ்சது, இந்தச் சந்தியில பேர் சொல்லிக் கூப்பிட்டது எண்டு தொடங்கினால் நான் சாப்பாட்டுப் பெட்டியைத் தூக்கிக்கொண்டு அங்கால போயிடுவன். திருகோணமலையில அந்தச் சண்டை வருசங்களில உயிரோட இருந்த ஆக்களுக்குப் பயப்பிட்டே முடியேல்லை, இதுக்குள்ள செத்த ஆக்களுக்கும் பயப்பிட ஆருக்கு நேரம்? நீங்களும் நம்பவேண்டாம். கேட்டுப்போட்டு, ஏதும் விளக்கம் இருந்தால் சொல்லுங்கோ, எனக்கு அது காணும்.

அப்ப நான் ஓர்ஸ் ஹில்லில ஒரு வீட்டோட ஒட்டின அனெக்ஸில வாடகைக்கு இருந்தனான். ஒரு அறை, ஒரு குசினி, முன்னால சின்ன விறாந்தை, அவ்வளவுதான். யன்னலைத் திறந்தால் உள்துறைமுகம் தெரியும், நேவிக்காரர் தண்ணிக்குள்ள வெடி போடுற நேரம் அலுமாரிக் கண்ணாடி கிடுகிடெண்டு ஆடும், அதுக்கெல்லாம் நாங்கள் தலையே நிமித்தமாட்டம். நானும் தம்பி சுதனும்தான் அங்கை. அப்பா இல்லை, அம்மா வருத்தக்காரி, மருந்துக்கு வசதி எண்டு கொழும்பில மாமா வீட்டில விட்டிருந்தம். எனக்கு ஒரு கந்தோரில டேட்டா என்ட்ரி வேலை. சுதன் கொம்பியூட்டர் படிச்சுப்போட்டு வேலை தேடிக்கொண்டு இருந்தவன். தேடினது குறைவு, கேம் விளையாடினதுதான் கூட.

ஒரு காலமை இன்ரவியூ இருக்கெண்டு சப்பாத்தை மினுக்கிப் போட்டுக்கொண்டு சைக்கிளில டவுனுக்குப் போனான். போனவன் வரேல்லை. அவ்வளவுதான் எனக்குத் தெரியும். சைக்கிளும் இல்லை, சப்பாத்தும் இல்லை, ஆளும் இல்லை. எங்கையெல்லாம் போய்க் கேட்டனான், ஆர் ஆருக்கு முன்னால நிண்டு அழுதனான் எண்டதை விடுங்கோ, அதைச் சொல்ல வெளிக்கிட்டால் நான் சொல்ல வந்த கதை நிண்டுபோயிடும்.

சப்பாத்தோட போனபடியால் அவன்ர செருப்பு வீட்டில நிண்டிட்டுது. நீலப் பாட்டா. ஒரு வார் பிய்ஞ்சு, நான் ஊசி குத்தி விட்டிருந்தனான். அதை நான் உள்ளுக்கு எடுக்கேல்லை. பொம்பிளை தனியா இருக்கிற வீட்டு வாசலில ஆம்பிளைச் செருப்பு ஒரு சோடி கிடக்கவேணும் எண்டது எங்கட பக்கத்தில எல்லாப் பொம்பிளையளுக்கும் தெரிஞ்ச விசயம். சும்மா கிடந்தாலும் காணாது, ஒரே இடத்தில தூசி பிடிச்சுக் கிடந்தால் எந்த விசரனுக்கும் விளங்கிடும். அதாலை நான் கந்தோரால வந்தவுடன அதைக் கொஞ்சம் தள்ளி வைப்பன், மழை பெய்தால் நனைச்சு வைப்பன், ஒரு ஆள் போய் வந்த மாதிரி. அம்மாவுக்கும் ரெலிபோனில வேற கதை இல்லை. "அவன்ர செருப்பை உள்ளுக்குப் போட்டிடாதை பிள்ளை, வெளியிலயே வை, பிள்ளை வந்தால் கண்டுகொள்ளும்." காவலுக்கு வைக்கச் சொன்னாவோ, அவன் வீடு மாறாமல் வாறதுக்கு வைக்கச் சொன்னாவோ, நான் கேக்கேல்லை.

செருப்பில இன்னொரு விசயம் இருக்கு. நான் எப்பவும் கந்தோருக்குப் பிந்துற ஆள். சுதன் காலமை எழும்பினவுடன வாசலில கிடக்கிற என்ர செருப்பை எடுத்து ரோட்டுப் பக்கம் பாக்கத் திருப்பி வச்சுப்போட்டு, "அக்கா, செருப்பு வெளிக்கிட்டிட்டுது, நீங்கள்தான் பாக்கி" எண்டு கத்துவான். நான் குசினிக்குள்ள நிண்டு ஏசுவன். அவன் போனதுக்குப் பிறகு என்ர செருப்பை ஆரும் திருப்பி வைக்கேல்லை. வீட்டைப் பாத்தபடியே கிடக்கும், நான்தான் காலால திருப்பிப் போடுவன்.

தட்டுறதையும் சொல்லவேணும். ஆர் வந்து கதவைத் தட்டினாலும் நெஞ்சு இடிக்கிற காலம், அதாலை கனபேர் வீட்டில தங்களுக்கெண்டு ஒரு தட்டு வச்சிருந்தவை. எங்கட வீட்டுத் தட்டு அப்பா பழக்கினது. ரெண்டு தட்டு, கொஞ்சம் விட்டு ஒரு தட்டு, பேந்து நகத்தால கதவில மேலயிருந்து கீழ ஒரு இழுவை. அந்தத் தட்டு கேட்டால் மட்டும்தான் திறக்கிறது. மற்றபடி லைற்றை நூத்துப்போட்டு, கதவுக்கு நேர நிக்காமல் சுவரோட ஒட்டி நிக்கவேணும், மூச்சும் விடக்கூடாது. அந்தத் தட்டு தெரிஞ்ச ஆக்கள் அம்மா, நான், சுதன். வேற ஆருக்கும் தெரியாது.

இப்பிடி இருக்கேக்கை வீட்டுக்காரர் அனெக்ஸைத் திருப்பித் தரச் சொல்லிட்டினம், அவையளும் கனடாவுக்குப் போகினம். மாமா கொழும்புக்கு வா வா எண்டு ஒரே ஆக்கினை. எனக்கு ஒரே ஒரு கேள்விதான். நான் போனால், அவன் வந்து ஆரின்ர கதவைத் தட்டுவான்? பெட்டியை அடுக்குவன், பேந்து பிரிச்சுப்போட்டு உடுப்பைக் கொடியில போடுவன். பஸ்ஸுக்குச் சீற்றும் புக் பண்ணியாச்சு. நாளைக்குக் காலமை பஸ், இண்டைக்கு மத்தியானம் வரைக்கும் நான் போறனோ இல்லையோ எண்டு எனக்கே தெரியாது.

அண்டைக்கெண்டு பாத்து ஊரடங்கு. காலமை எங்கையோ வெடிச் சத்தம் கேட்டது, உடன ரோட்டெல்லாம் வெறிச்சோடிப் போச்சு. ஊருக்குள்ள திரியிற மான் ரெண்டு மூண்டு தார் ரோட்டு நடுவில வந்து படுத்திருந்துதுகள், மனிசர் இல்லாத நாளில அதுகளுக்குத்தான் ராச்சியம். சுதன்ர சிநேகிதன் நிசாம் கிண்ணியாவில இருந்து வந்து கொம்பியூட்டரை எடுத்துக்கொண்டு போறதாக் கதை, அவனுக்கும் வர ஏலாது. மழையும் பிடிச்சிட்டுது. யன்னலையெல்லாம் சாத்திப்போட்டுப் பகல்நேரம் அரையிருட்டில நான் மட்டும். சொன்னால் வெக்கம், ஆரோடயாவது ஒரு வார்த்தை கதைச்சால் காணும் எண்டு இருந்தது எனக்கு. பல்லியோட கதைக்காத குறைதான்.

அப்பதான் அந்தச் சீடி ஞாபகம் வந்தது. நிசாம் கொழும்பால கொண்டந்து குடுத்தது, சின்னக் கேம், இருந்தால் ஒரு மணித்தியாலத்தில முடிஞ்சிடும் எண்டு சுதன் சொன்னவன். அறையை இருட்டாக்கிப்போட்டு விளையாடிக் கத்துவான். "வெளியில இருக்கிற பயம் காணாதெண்டோ உள்ளுக்கும் ஒண்டைக் கொண்டந்து வச்சிருக்கிறாய்?" எண்டு நான் ஏசினால், "அக்கா, ஒருக்கா விளையாடிப் பாருங்கோ. கடைசியில ஒரு கதவில தட்டுற சத்தம் கேக்கும். நீங்கள் என்ன செய்வியள் எண்டு எனக்குப் பாக்கவேணும்" எண்டு சிரிப்பான். நான் ஒரு நாளும் தொடேல்லை. நாளைக்கு அந்தக் கொம்பியூட்டரும் போயிடும். சரி, அவன் இருந்த கதிரையில இருந்து அவன் பாத்ததையாவது பாப்பம் எண்டு போட்டன்.

ஹெட்செட்டை மாட்டினன். அதுக்கு வலப்பக்கம் வேலை செய்யாது, இடக்காதில மட்டும்தான் கேக்கும். புதுசு வாங்கித் தாங்கோ எண்டு சுதன் எந்த நாளும் அரிச்சுக்கொண்டிருந்த சாமான் அது.

கேமில எங்களுக்கு எங்கட கை மட்டும்தான் தெரியும். ஒரு வெள்ளைக்காரன்ர பலகை வீடு. நாங்கள் எங்கையோ போயிட்டு வீட்டுக்கு வந்திருக்கிறம், வீட்டில ஒருத்தரும் இல்லை. மேசையில கோப்பையள் இருக்கு, ரேடியோ இரையுது, ஆக்கள் மட்டும் இல்லை. ரெண்டு பக்கமும் அறையள் உள்ள ஓடையால நடந்து கடைசிக் கதவைத் திறந்தால் திரும்பவும் அதே ஓடை, ஆனால் கொஞ்சம் ஒடுக்கம். பேய் எண்டு ஒண்டும் பாயேல்லை. எனக்குப் பயமே வரேல்லை, உண்மையாச் சொல்லுறன், எரிச்சல்தான் வந்தது. சப்பாத்துச் சத்தத்தோட அந்தக் கேம் ஆள் படுக்கையறைக்குள்ள போறான், அடச்சீ எண்டு வாய்விட்டே சொன்னனான். பேந்து பேந்து அந்த வெறும் அறையளைத் திறந்து திறந்து பாக்கப் பாக்க ஒரு மாதிரி வந்திட்டுது. கேமுக்கு ஏன் போவான், என்ர வீடும் அதுதானே. என்னை அறியாமலே அழுதுகொண்டுதான் மவுஸை ஆட்டிக்கொண்டிருந்தனான்.

கடைசியில ஒரு சின்ன அறை, ஒரு மேசை லைற், ஒரு கதவு. சுதன் சொன்ன மாதிரியே கதவில தட்டுற சத்தம் கேட்டது. டொக், டொக், டொக் எண்டு ஒரே சீரா.

வேற ஆரும் எண்டால் போய்த் திறந்திருப்பினம், கேம் அதுக்குத்தானே செய்து வச்சிருக்கு. நான் என்ன செய்தனான் தெரியுமோ? மேசை லைற்றை நூத்தன். கதவுக்கு நேர நிக்காமல் சுவரோட ஒட்டிப் போய் நிண்டன். கேமுக்குள்ளதான். ஆனால் கதிரையில இருந்த நானும் மூச்சைப் பிடிச்சுக்கொண்டு இருந்தனான். யோசிச்சுச் செய்யேல்லை, கை தானாச் செய்தது. தட்டுது, தட்டுது, நான் அசையேல்லை. தம்பி இதைப் பாத்தால் விழுந்து விழுந்து சிரிப்பான் எண்டு நினைச்சன். திரையும் கறுப்பு, அறையும் இருட்டு, நான் எந்த வீட்டுச் சுவரோட நிக்கிறன் எண்டதே மறந்து போச்சு.

பேந்து தட்டுறது நிண்டுது. நிண்டு, கொஞ்ச நேரம் மழைச் சத்தம் மட்டும். பேந்து ரெண்டு தட்டு. கொஞ்சம் விட்டு ஒரு தட்டு. நகத்தால மேலயிருந்து கீழ ஒரு இழுவை.

நம்பினால் நம்புங்கோ, அது வலக்காதில கேட்டது. ஹெட்செட்டில செத்துப்போன பக்கம். எங்கட வாசல் கதவு இருக்கிறதும் அந்தப் பக்கம்தான்.

ஹெட்செட்டைப் பிடுங்கி எறிஞ்சுபோட்டு ஓடினன். கதிரை விழுந்தது. கொண்டியைத் தட்டி, "சுதன்!" எண்டு கத்திக்கொண்டுதான் திறந்தனான், ஊரடங்கு, ஆமி, ஒண்டும் ஞாபகம் இல்லை. வெளியில ஒருத்தரும் இல்லை. மழை. ரோட்டில மானுகள் படுத்த இடத்திலயே படுத்திருக்குதுகள். ஒரு மனிசன் படலை திறந்து வந்து போயிருந்தால் அதுகள் எழும்பியிருக்கும்தானே?

பேந்துதான் குனிஞ்சு பாத்தன். நீலப் பாட்டா இல்லை. மழை பிடிச்சவுடன நான்தான் நனைச்சுத் தள்ளி வச்சனான், அந்த இடத்தில தண்ணி அடையாளம் கிடக்கு, செருப்பு இல்லை. நாய் கொண்டுபோயிருக்கும் எண்டு சொல்லப்போறியள். நாய் ஒண்டைத் தூக்கிக்கொண்டு போகும், சோடியா ரெண்டையும் கொண்டு போகுமோ? வார் அறுந்து ஊசி குத்தின செருப்பைக் களவெடுக்க ஊரடங்குக்குள்ள ஆர் வருவான்?

சரி, அதை விடுங்கோ. பக்கத்தில என்ர செருப்பு. நான் கழட்டின மாதிரி வீட்டைப் பாத்துக் கிடக்கவேண்டிய செருப்பு, ரோட்டுப் பக்கம் திரும்பி, ரெண்டும் ஒட்டி ஒழுங்கா நிக்குது.

நான் அந்தப் படியிலயே மழைக்குள்ள இருந்திட்டன். எவ்வளவு நேரம் எண்டு தெரியாது. உள்ளுக்கு வந்து பாக்கத் திரையில அந்தக் கேம் கதவு ஆவெண்டு திறந்து கிடந்தது. நான் மவுஸில கை வைக்கேல்லை, அம்மாவாணைச் சொல்லுறன். கிட்டப் போறதுக்குள்ள கரண்ட் போச்சு, யூபிஎஸ் கொஞ்சம் கத்திப்போட்டு அதுவும் நிண்டிட்டுது.

அடுத்த நாள் காலமை ஊரடங்கு எடுத்தாங்கள். நான் திரும்பி நிண்ட அந்தச் செருப்புக்குள்ள அப்பிடியே காலை வச்சு வெளிக்கிட்டு பஸ் ஏறினன். பெட்டியைத் திரும்பப் பிரிக்கேல்லை.

கன நாளைக்குப் பிறகு நிசாமுக்கு மட்டும் சொன்னன், ரெலிபோனில. அவன் சிரிக்கேல்லை. அந்தக் கேமை எடுத்து, நான் செய்த மாதிரியே லைற்றை நூத்துப்போட்டுச் சுவரோட நிண்டு பாத்திருக்கிறான். பிறகு எடுத்துச் சொன்னான், "அக்கா, ஒரு பின்னேரம் முழுக்க விட்டுப் பாத்தனான். அது ஒரே மாதிரித்தான் தட்டிக்கொண்டே இருக்குது. நிக்கவும் இல்லை, மாறவும் இல்லை. நாங்கள் திறக்காமல் அந்தக் கதவு திறக்காது."

இப்ப சொல்லுங்கோ உங்கட விளக்கத்தை. நான் எல்லாம் யோசிச்சுப் பாத்திட்டன். ஆர் வந்தது எண்டதுகூட என்னைப் பெரிசா அரிக்கேல்லை. அவன்தான் வந்தான் எண்டு வச்சுக்கொள்ளுவம். வந்தவன் ஏன் உள்ளுக்கு வரேல்லை? தன்ர செருப்பை எடுத்துக்கொண்டு, என்ர செருப்பைத் திருப்பி வச்சுப்போட்டுப் போனால், அக்கா இனிப் பாத்துக்கொண்டு இருக்கவேண்டாம், வெளிக்கிடுங்கோ எண்டுதானே அர்த்தம்? இனி வரமாட்டன் எண்டு அவனுக்குத் தெரிஞ்சிருக்குது எண்டுதானே அர்த்தம்? அதை நினைச்சால் இண்டைக்கும் எனக்குச் சோறு இறங்காது.

அம்மாவுக்கு இதொண்டும் சொல்லேல்லை. நான் கொழும்புக்குப் போய் இறங்கினவுடன, வா எண்டுகூடச் சொல்லேல்லை, அவ கேட்ட முதல் கதை, "பிள்ளையின்ர செருப்பை வெளியில வச்சிட்டுத்தானே வந்தனீ?" இப்ப வயசு போய் எல்லாம் மறந்திட்டா, என்ர பேரே சில நாள் மாறி வரும். மழை பிடிச்சால் மட்டும் மறக்காமல் அதைக் கேப்பா. நானும் "ஓம் அம்மா, வெளியிலதான் வச்சனான்" எண்டு சொல்லுவன். அது பொய் இல்லைத்தானே? வச்சது நான்தான். எடுத்தது ஆர் எண்டு அவ இன்னும் கேக்கேல்லை.