பூஜைக்கு வைத்த சாவி

வாழையிலையின் மேல் மைக்கூடு, பேனாக்கள், ரப்பர் முத்திரை, நடுவே கறுப்புக் கயிற்றில் கோர்த்த நீளமான இரும்புச் சாவி. பாறசாலையில் நான் வேலை பார்த்த பத்திரப்பதிவுக் கச்சேரியில், ஒரு சரஸ்வதி பூஜை சாயங்காலம் கண்ட காட்சி. அது ரிக்கார்டு அறைச் சாவி. அதை இலையில் வைத்தவர் எங்கள் ஹெட் கிளார்க். வைத்துவிட்டு நிமிர்ந்தபோது அவர் முகத்தில் ரத்தமே இல்லை.

தமிழ் பேசும் பகுதிகளைத் தமிழ்நாட்டோடு சேர்க்கக் கேட்டு எல்லைப் போராட்டம் நடந்த காலம் அது. கச்சேரி வாசலில் போலீஸ்காரர் தலை தெரிந்தால் போதும், தமிழில் பேசிக்கொண்டிருந்த நாங்கள் பாதிப் பேச்சிலேயே மலையாளத்துக்குத் தாவிவிடுவோம். பக்கத்து ஊரான கொல்லயிலில் நடந்த தமிழர் கூட்டமொன்றில் ஹெட் கிளார்க்கைப் பார்த்ததாக யாரோ சொல்லிவிட்டார்கள். சில நாளில் அவரை எக்சைஸ் இலாகாவுக்கு, வடக்கே மலைப்பக்கம் மாற்றி உத்தரவு வந்தது. வேறு இலாகா என்றால் பழைய சர்வீஸ் கணக்கில் வராது. நேற்றுச் சேர்ந்தவனுக்கும் கீழே உட்கார வேண்டும். அப்படிப் போனவர்களுக்குக் கொஞ்ச நாளில் வேலையே போய்விடும் என்ற பேச்சு வேறு. அவர் திருவனந்தபுரம் கோர்ட்டில் வழக்குப் போட்டார். வக்கீல் திரும்பத் திரும்பச் சொன்னது ஒன்றுதான்: பொறுப்பை ஒப்படைக்காதவரை நீர் பழைய வேலையில்தான் இருக்கிறீர், சாவியை மட்டும் யார் கையிலும் கொடுத்துவிடாதீர்.

அன்று முதல் சாவி அவர் இடுப்பில் ஏறியது. லீவு போட்டால் சாவியைக் கேட்பார்களே என்று காய்ச்சலோடும் வந்தார். பேசிக்கொண்டிருக்கும்போதே கை இடுப்பைத் தடவிப் பார்க்கும். அவரோடு டீ குடிக்க எனக்கும் பயம்தான், அடுத்த உத்தரவில் என் பேர் இருந்தால்? ஆனாலும் பக்கத்து மேஜைக்காரரை விட்டுவிட்டு எப்படித் தனியாகக் குடிப்பது?

இந்த நிலையில் பூஜை வந்தது. எங்கள் பக்கத்தில் பூஜைக்கு வைத்ததை விஜயதசமி காலையில் எடுக்கும்வரை யாரும் தொடக்கூடாது. ரிக்கார்டு அறைச் சாவியும் வருஷாவருஷம் இலைக்குப் போவது வழக்கம். நான் மிஷன் சபைக் கிறிஸ்தவன், பொரியும் அவலும் மட்டுமே என் பங்கு. அதனாலோ என்னவோ என்னிடம் வந்து கேட்டார்.

"வைக்கலேண்ணா தேவி கோவிப்பா. வச்சா இவனுவ எடுத்துப்போடுவானுவ. நான் என்ன செய்யட்டும் மக்கா?"

"வக்கீலு சொன்னத நெனச்சுப் பாருங்க சாறே."

"வக்கீலுக்கு தேவியத் தெரியாதுல்லா" என்று சொல்லிக்கொண்டே கயிற்றை அவிழ்த்தார்.

விஜயதசமி காலையில் நாங்கள் போனபோது எங்கள் மேலதிகாரி ரிஜிஸ்திரார் முன்னதாகவே வந்திருந்தார். சாவி அவர் கையில். "சார்ஜ் எடுத்து கழிஞ்ஞு. நிங்ஙள் போய்க்கோ" என்றார், பொறுப்பை எடுத்தாயிற்று, நீர் போகலாம் என்று. ஹெட் கிளார்க் வாசற்படியில் அப்படியே உட்கார்ந்துவிட்டார்.

ஹெட் கிளார்க் தாமே மனமுவந்து சாவியை ஒப்படைத்தார் என்று சர்க்கார் தரப்பில் கோர்ட்டில் சொன்னார்கள். ரிஜிஸ்திரார் அதைச் சத்தியம் செய்து சொல்ல வேண்டும், சொன்னால் வழக்கு முடிந்தது. நான் பின்வரிசையில் உட்கார்ந்து, எனக்குத் தெரிந்த ஒரே ஜெபத்தை முணுமுணுத்தேன். "உம்முடைய கையிலா கொடுத்தார்?" என்று நீதிபதி கேட்டார். ரிஜிஸ்திராருக்கு வேர்த்துக் கொட்டியது. அதே விஜயதசமியன்று, சாவி இருந்த அதே சரஸ்வதி படத்தின் முன்னால்தான், அவர் தம் மகளின் விரலைப் பிடித்து அரிசியில் முதல் எழுத்து எழுதவைத்திருந்தார். "இல்லை. பூஜையிலிருந்து நானே எடுத்தேன்" என்றார்.

தெய்வத்தின் முன்னால் வைத்தது சர்க்காரிடம் ஒப்படைத்ததாகாது என்றது கோர்ட். மாற்றல் உத்தரவும் பின்னால் ரத்தானது. அந்த வருஷம் நாங்கள் பட்ட எத்தனையோ பயங்களில், எங்களுக்கு உதவியது ரிஜிஸ்திராரின் பயம் ஒன்றுதான்.

இப்போது பூஜை நாளில் அந்த வழியாகப் போனால் கம்ப்யூட்டருக்குச் சந்தனம் தொட்டு வைத்திருக்கிறார்கள். வாசலில் நின்று யாரும் மொழி மாற்றுவதில்லை. எனக்கோ வழக்கில் ஜெயித்த அடுத்த வருஷப் பூஜைதான் கண்ணில் நிற்கிறது. ஹெட் கிளார்க் எல்லோரையும் போல இலையின் முன் வந்து, கறுப்புக் கயிற்றை மட்டும் வைத்துவிட்டுக் கண்ணை மூடினார். சாவி எங்கே என்று தேடினேன். கும்பிட்ட கைகளின் இடுக்கில் அதன் இரும்பு முனை நீட்டிக்கொண்டிருந்தது.